ஒரு பயணம், நான்கு திருவிழாக்கள்: ஸ்பானிய உலகில் எதற்குப் போவது?

ஸ்பானிய மொழி வழங்கும் நாடுகளின் திருவிழா ஒன்றை நேரில் பார்க்க வேண்டுமென்று பணம் சேர்த்து வருபவர்கள் கேட்கும் கேள்வி பெரும்பாலும் ஒன்றுதான். விடுப்பு ஒன்பது அல்லது பத்து நாள். கையிருப்பு ஒரு பயணத்துக்கு மட்டும். வலென்சியாவின் தீ (ஃபாயாஸ்), செவியாவின் பவனி (புனித வாரம்), பாம்ப்லோனாவின் காளை (சான் ஃபெர்மின்), மெக்சிகோவின் கல்லறை விளக்கு (இறந்தோர் நாள்) ஆகிய நான்கில் எதைத் தேர்வது? படத்தில் பார்த்தால் நான்கும் அழகுதான். ஆகவே படங்களை வைத்து முடிவெடுக்க முடியாது. ஊரில் எவரையும் அறியாமல் வந்து நிற்கும் வெளியாளுக்கு விழா எந்த இடத்தைக் கொடுக்கிறது என்று பார்த்தால்தான் இந்த நான்கும் ஒன்றிலிருந்து ஒன்று தெளிவாகப் பிரிகின்றன. பிற அளவுகோல்கள் எல்லாம் அதற்குப் பின்னால் வருபவை என்பது என் கணிப்பு.

முதலில் ஒன்றைப் பட்டியலிலிருந்து நீக்கிவிடுகிறேன். 2011இல் வந்த ஓர் இந்திப் படத்தின் தயவால் நம்மவர் பலர் முதலில் விசாரிப்பது லா டொமாட்டினா என்னும் தக்காளி வீச்சைப் பற்றித்தான். அது வலென்சியாவிலிருந்து சுமார் 40 கிலோமீட்டர் தொலைவிலுள்ள புன்யோல் என்னும் சிற்றூரில், ஆகஸ்டு மாதத்தின் கடைசிப் புதன்கிழமை, ஒரே ஒரு மணி நேரம் நடப்பது. 2013 முதல் கட்டணச் சீட்டு உண்டு. சுமார் 20,000 பேருக்கு மேல் அனுமதி இல்லை. வேறு காரியமாக அந்தப் பக்கம் இருப்பவர் அரை நாளை ஒதுக்கலாம். ஒரு மணி நேரத்துக்காகக் கண்டம் தாண்டிப் போகச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

## எவற்றை வைத்து எடைபோடுவது

வெளியாளுக்குக் கிடைக்கும் இடத்தை முதல் அளவுகோலாகச் சொன்னேன். சில விழாக்கள் தெருவிலேயே நடந்து தெருவிலேயே முடிபவை. அங்கே யாரும் நிற்கலாம். சில விழாக்களின் உயிர்ப்பகுதி குடும்பத்துக்குள்ளோ உறுப்பினர் கூடத்துக்குள்ளோ இருப்பதால், பயணி வெளிச்சுவரை மட்டும் பார்த்துத் திரும்ப நேரும்.

இரண்டாவது, நாள். ஃபாயாஸ், சான் ஃபெர்மின், இறந்தோர் நாள் ஆகிய மூன்றுக்கும் ஆண்டுதோறும் மாறாத தேதிகள் உண்டு. புனித வாரம் மட்டும் ஈஸ்டரோடு நகரும். மூன்றாவது, உடல் தாங்குமா என்பது: ஓசை, புகை, நெரிசல், உறக்கமின்மை. முதியோரையும் சிறு பிள்ளைகளையும் அழைத்துச் செல்பவர்கள் இதை மற்ற எல்லாவற்றுக்கும் முன்னால் வைக்க வேண்டும். நான்காவது, உணவு, சைவம் உண்பவருக்கு இது சிறிய செய்தி அன்று. ஐந்தாவது, விழாவே நடக்காமல் போகும் வாய்ப்பு. கடைசியாக, விமானச் சீட்டிலும் விடுதிக் கட்டணத்திலும் தெரியாத மறைவான செலவுகள்.

ஸ்பெயினிலுள்ள மூன்று விழாக்களுக்கும், ஐரோப்பிய நாடுகள் பலவற்றுக்கும் ஒன்றாக வழங்கப்படும் ஷெங்கன் விசா பொது. பெரியவர்களுக்குக் கட்டணம் 90 யூரோ. 30,000 யூரோவுக்குக் குறையாத மருத்துவக் காப்பீடு கட்டாயம். ஆறு மாதம் முன்னதாகவே விண்ணப்பிக்கலாம். சென்னையிலிருந்து நேரடி விமானம் இல்லாததால் வளைகுடா நகரம் ஒன்றிலோ ஐரோப்பிய நகரம் ஒன்றிலோ மாற வேண்டும். போக வர ஏறக்குறைய இரண்டு நாள் இதிலேயே கழிந்துவிடும் என்பதை விடுப்புக் கணக்கில் சேர்த்துக்கொள்ள வேண்டும்.

## ஃபாயாஸ், வலென்சியா: மார்ச் 15 முதல் 19 வரை

வலென்சியாவில் ஏறக்குறைய 400 தெருக் குழுக்கள் உள்ளன. அவை ஆண்டு முழுவதும் பணம் திரட்டி, கலைஞர்களை அமர்த்தி, அரசியல்வாதிகளையும் பிரபலங்களையும் கேலி செய்யும் உருவங்களைச் செய்விக்கின்றன. ‘நினோத்’ எனப்படும் அந்த உருவங்களை அடுக்கிய தொகுதிகள், பெரியவையும் சிறுவர்க்கானவையுமாக 700க்கு மேல், மார்ச் 15 இரவுக்குள் தெருமுனைகளில் நின்றுவிடும். சில தொகுதிகள் மாடிக் கட்டடங்களின் உயரத்துக்கு எழும். மார்ச் 19, தச்சர்களின் காவலரான புனித சூசையப்பர் திருநாள். அன்றிரவு அத்தனையும் கொளுத்தப்படும். முதலில் சிறுவர் தொகுதிகள், பிறகு பெரியவை, கடைசியாக நகரமன்றச் சதுக்கத்தில் நிற்பது. தச்சுப் பட்டறைகளில் குளிர்காலம் முழுவதும் சேர்ந்த மரக்கழிவுகளைச் சூசையப்பர் திருநாளை ஒட்டி எரித்த வழக்கமே இதற்கு மூலம் என்று ஊரார் சொல்வார்கள். பொதுமக்கள் வாக்கால் தேர்ந்தெடுக்கப்படும் பொம்மைக்கு மட்டும் 1934 முதல் தீயிலிருந்து விலக்கு. அவ்வாறு தப்பியவை எல்லாம் ஓர் அருங்காட்சியகத்தில் வரிசையாக நிற்கின்றன. நகரத்தின் நகைச்சுவை காலப்போக்கில் எப்படி மாறியது என்பதை அங்கே ஒரு மணி நேரத்தில் படித்துவிடலாம். யுனெஸ்கோ 2016இல் இவ்விழாவை மானுடத்தின் தொட்டுணர முடியாத பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தது.

வெளியாளுக்கு இதைவிடத் தாராளமான விழா நான்கில் இல்லை. சிலைகள் தெருவில் நிற்கின்றன, தீயும் தெருவில்தான், நுழைவுச்சீட்டு கிடையாது. மார்ச் 1 முதல் 19 வரை நாள்தோறும் பிற்பகல் 2 மணிக்கு நகரமன்றச் சதுக்கத்தில் வெடிக்கப்படும் ‘மாஸ்க்லெத்தா’ என்னும் பட்டாசுத் தொடரையும் யாரும் நின்று கேட்கலாம். கேட்கலாம் என்றே சொல்ல வேண்டும். பட்டப்பகலில் வெடிப்பதால் பார்க்க ஒன்றுமில்லை, தாளம்தான் எல்லாம். மெல்லத் தொடங்கி, ஐந்து முதல் எட்டு நிமிடங்களுக்குள் தரை அதிரும் அளவுக்கு ஏறி, திடீரென்று நின்றுவிடும். வாயைச் சற்றுத் திறந்து வைத்துக்கொள்ளச் சொல்வார்கள். காதுக்கு அது நல்லதாம். 17, 18 ஆகிய இரு நாள்களிலும் பட்டாடை உடுத்த பெண்கள் ஊர்வலமாக வந்து அன்னை மரியாவுக்குப் பூங்கொத்துகளைச் சமர்ப்பிப்பார்கள். அந்தப் பூக்களைக் கொண்டு, பல மீட்டர் உயரமுள்ள மரச்சட்டத்தின் மேல் அன்னையின் போர்வை நள்ளிரவு தாண்டியும் நெய்யப்படும். மற்றவை அனைத்தும் இரைச்சலாக இருக்கும் வாரத்தில், நிதானமாக நின்று பார்க்கத்தக்க காட்சி இது ஒன்றுதான்.

குறைகளும் தெருவிலேயே இருக்கின்றன. காலையில் எழுப்புவதே பட்டாசுதான். பிள்ளைகளும் பெரியவர்களும் நாள் முழுவதும் நடைபாதையில் வெடி வீசிக்கொண்டிருப்பார்கள். கைக்குழந்தை, இதய நோய், ஆஸ்துமா ஆகியவற்றில் ஒன்று இருந்தாலும் இந்த விழா வேண்டாம். முன்பு மரமும் காகிதக்கூழுமாக இருந்த உருவங்கள் இப்போது பெரும்பாலும் தெர்மோகோல் போன்ற பொருளால் செய்யப்படுவதால் கடைசி இரவின் புகை கன்னங்கரேலென்று எழும். தெருக்கள் அடைபட்டுவிடுவதால் வாடகை வண்டி வராது. பெட்டியை இழுத்துக்கொண்டு நடக்க வேண்டியிருக்கும். விடுதிக் கட்டணம் சாதாரண வாரத்தைப்போல் பல மடங்கு ஏறும். உணவைப் பொறுத்தவரை, பூசணிக்காய் சேர்த்த மாவில் பொரித்து, கெட்டியான சூடான சாக்லேட்டுடன் தரும் ‘புன்யுவேலோ’ எல்லா முனையிலும் கிடைக்கும். ஆனால் வலென்சியாவின் பாயெல்லா என்னும் சோற்று உணவின் அசல் வடிவில் கோழியும் முயலும் உண்டு. ‘காய்கறி பாயெல்லா’ என்று எழுதியிருந்தாலும் கொதிக்க வைத்த சாறு எதனுடையது என்று கேட்டுக்கொள்ள வேண்டும்.

## புனித வாரம், செவியா: குருத்து ஞாயிறு முதல் உயிர்ப்பு ஞாயிறு வரை

ஏறக்குறைய 60 சகோதரச் சபைகள், ஒவ்வொன்றும் தன் ஆலயத்திலிருந்து புறப்பட்டு, நகரின் நடுவிலுள்ள பொதுப்பாதை வழியாகப் பேராலயத்துக்குள் நுழைந்து வெளியேறி, வந்த ஊர்ப்பகுதிக்கே திரும்பும். சபைக்கு இரண்டு சப்பரங்கள் வழக்கம்: ஒன்றில் பாடுபடும் கிறிஸ்து, மற்றொன்றில் மெழுகுவத்திகளுக்குப் பின்னால் விதானத்தின் கீழ் அழும் அன்னை. ஒரு டன்னுக்கு மேல் எடையுள்ள சப்பரத்தை, அதற்கடியில் மறைந்து நிற்கும் முப்பது, நாற்பது பேர் பிடரியில் தாங்கி நடத்துகிறார்கள். தலைவன் முன்புறத்திலுள்ள கைத்தட்டியை அடித்தால் அத்தனை பேரும் ஒரே வேளையில் எழுவார்கள். கூரிய முகமூடித் தொப்பி அணிந்து வரிசையில் செல்லும் ‘நசரேனோ’க்களைக் கண்டு சிலர் அமெரிக்க இனவெறிக் கும்பலை நினைத்துத் திடுக்கிடுவதுண்டு. பாவத்துக்காக வருந்துவோரின் இந்த உடை அந்தக் கும்பலைவிடச் சில நூற்றாண்டுகள் மூத்தது, இரண்டுக்கும் தொடர்பில்லை.

தெரு இங்கும் திறந்தேதான் இருக்கிறது. ஆனால் அதில் நிற்பதற்கு அறிவு தேவைப்படுகிறது. பொதுப்பாதையின் நாற்காலிகள் பெரும்பாலும் ஆண்டுச் சந்தாதாரர்களுடையவை. தலைமுறையாகக் கைமாறுபவையும் உண்டு. வெளியாள் அங்கே இடம் தேடிப் பணத்தை வீணாக்குவதைவிட, அன்றன்றைய நேர அட்டவணையைக் கையில் வைத்துக்கொண்டு, சப்பரம் ஆலயத்தைவிட்டு வெளியேறும் இடத்திலோ குறுகிய சந்து ஒன்றில் திரும்பும் இடத்திலோ ஒன்றரை மணி நேரம் முன்னதாகப் போய் நிற்பது நல்லது. நெரிசலிலும் அங்கே ஓர் ஒழுங்கு உண்டு; மாடத்திலிருந்து ஒருவர் ‘சயெத்தா’ என்னும் பக்திப் பாடலைப் பாடத் தொடங்கினால் முழுத் தெருவும் வாயை மூடிக்கொள்ளும். சிறுவர்களுக்கும் இதில் வேலை இருக்கிறது: நசரேனோக்களின் மெழுகுவத்தியிலிருந்து சொட்டும் மெழுகைக் கேட்டு வாங்கி உருண்டையாக உருட்டி, ஆண்டுதோறும் பெரிதாக்கிக்கொண்டே போவார்கள்.

பெரிய வியாழன் இரவிலிருந்து வெள்ளி காலை வரை நடக்கும் ‘மத்ருகா’வே உச்சம். எல் சிலென்சியோ, கிரான் போதெர், லா மக்கரேனா, எல் கல்வாரியோ, திரியானாவின் எஸ்பெரான்சா, லோஸ் ஹித்தானோஸ் ஆகிய ஆறு சபைகள் அன்று தெருவில் இருக்கும். இவற்றுள் சில வாய்பேசா மௌனத்திலும், மக்கரேனாவும் திரியானாவும் மேளமும் ஆரவாரமுமாகவும் செல்வதால், அரை மணி நேர நடையில் இரண்டு வேறு சமயங்களைக் கண்டதுபோல் இருக்கும். ஆறையும் பார்க்க ஓடுபவர் ஒன்றையும் பார்ப்பதில்லை. இரண்டைத் தேர்ந்துகொள்வது போதும்.

மறைவான செலவு இங்கே மழை. கிரான் போதெர் கிறிஸ்துவின் சிற்பம் ஹுவான் தே மேசா 1620இல் செதுக்கியது. அத்தகைய மரச்சிற்பத்தின் மேல் ஒரு தூறலும் விழக் கூடாது. வானம் இருண்டால் சபையார் கூடிப் பேசி, பவனியை நிறுத்திவிடுவார்கள். 2011இலும் 2024இலும் மத்ருகா முழுவதுமாக நின்றுபோனது. ஒரே இரவை நம்பி வருபவர் இந்த அபாயத்தை அறிந்தே வர வேண்டும். வாரம் முழுவதும் தங்குபவருக்கு ஏதாவது ஒரு நல்ல நாள் பெரும்பாலும் வாய்த்துவிடும். தவக்காலமாதலால் கீரையும் கொண்டைக்கடலையும் சேர்த்த குழம்பு, பாலில் ஊறிப் பொரித்துத் தேனில் நனைத்த ‘தொர்ரிஹா’ ரொட்டி ஆகியவை எல்லாக் கடையிலும் இருக்கும். சைவத்துக்கு நான்கு ஊர்களில் இதுவே ஒப்பீட்டளவில் எளிது. தொர்ரிஹாவில் முட்டை உண்டு.

ஈஸ்டர் முடிந்து சுமார் இரண்டு வாரங்களில் அதே ஊரில் வரும் ஏப்ரல் சந்தைக்குப் போகலாமா என்றும் கேட்கிறார்கள். 1847இல் கால்நடைச் சந்தையாகத் தொடங்கிய அது இன்று 1,000க்கு மேற்பட்ட கூடாரங்களில் நடக்கும் நடனக் கொண்டாட்டம். ஆனால் கூடாரங்களில் பெரும்பாலானவை குடும்பங்களுக்கும் சங்கங்களுக்கும் சொந்தமானவை. அழைப்பில்லாமல் உள்ளே போக முடியாது. செவியாவில் நண்பர் இருந்தால் மட்டுமே பரிந்துரைப்பேன்.

## சான் ஃபெர்மின், பாம்ப்லோனா: ஜூலை 6 முதல் 14 வரை

ஜூலை 6 நண்பகலில் நகரமன்ற மாடத்திலிருந்து வாணம் விடப்பட்டதும் விழா தொடங்கும். 7 முதல் 14 வரை காலை 8 மணிக்கு ஆறு காளைகள் ஏறத்தாழ 850 மீட்டர் தெருவில் ஓடி அரங்கத்தை அடையும். மொத்தம் இரண்டரை நிமிடம். 1926இல் வெளியான எர்னஸ்ட் ஹெமிங்வேயின் நாவலுக்குப் பின்னரே இவ்வூர் உலகப் பயணிகளின் வாயில் புகுந்தது. பதிவுகளின்படி 1910 முதல் 16 பேர் இந்த ஓட்டத்தில் இறந்திருக்கிறார்கள். கடைசி மரணம் 2009இல். ஜல்லிக்கட்டைப் பார்த்து வளர்ந்தவர்கள் ஒன்றைத் தெரிந்துகொண்டு போக வேண்டும்: காலையில் ஓடும் காளைகள் அன்று மாலை அரங்கத்தில் கொல்லப்படும். அதை ஏற்க முடியாதவருக்கு இந்த ஓட்டத்தைக் கைதட்டி ரசிப்பது கடினமாகத்தான் இருக்கும், எனக்கும் அப்படியே.

வெளியாளின் இடம் இங்கே விலைக்குரியது. வேலியோரத்தில் நிற்க விடியலுக்கு முன்பே போய்க் காத்திருக்க வேண்டும். வாடகை மாடத்தில் நின்றால் வசதி, ஆனால் தலைக்கு வசூலிப்பார்கள். ஓட நினைப்பவர் 18 வயது நிரம்பியவராக இருக்க வேண்டும். கையில் கேமரா இருந்தாலோ குடித்திருந்தாலோ அபராதம். இந்த ஓட்டத்தில் ஏற்படும் காயத்தைப் பல பயணக் காப்பீடுகள் ஏற்பதில்லை. பாலிசியை வரிவரியாகப் படிக்காமல் ஓடக் கூடாது. இரவெல்லாம் குடி ஓடும் ஊர் என்பதால் பெண்களின் பாதுகாப்பும் பேசியாக வேண்டிய ஒன்று. 2016 திருவிழாவில் நடந்த கூட்டு வல்லுறவு நாட்டையே உலுக்கி, 2022இல் பாலியல் குற்றச் சட்டம் மாற்றி எழுதப்படக் காரணமாயிற்று. அதன்பின் எச்சரிக்கையும் உதவி மையங்களும் பெருகியுள்ளன. எனினும் தனியாகச் செல்லும் பெண்ணுக்கு நான் இதைச் சொல்லமாட்டேன்.

இத்தனைக்கும் நடுவே, பலருக்கும் தெரியாத இன்னொரு சான் ஃபெர்மின் பகலில் நடக்கிறது. 1860இல் செய்யப்பட்ட எட்டு ராட்சத அரச உருவங்கள், நான்கு கண்டங்களின் அரசரும் அரசியருமாக, குழலோசைக்கு ஏற்பத் தெருவில் சுழன்றாடி வரும். சூப்பானை விட்டுவிடும் வயது வந்த குழந்தைகள் அதை இந்த ராட்சதர்களிடம் ஒப்படைத்துவிடுவார்கள். 7ஆம் தேதிப் புனிதர் பவனியும், ஒவ்வொரு இரவும் கோட்டைப் பூங்காவில் நடக்கும் வாணவேடிக்கையும் இதோடு சேரும். காளையை மறந்துவிட்டுப் பிள்ளைகளோடு இரண்டு பகல் தங்கினால் பாம்ப்லோனா இனிமையான ஊர். சான் செபஸ்தியானில் அறை எடுத்துக்கொண்டு பேருந்தில் வந்துபோனால் விடுதிச் செலவும் குறையும், தூக்கமும் கிடைக்கும்.

## இறந்தோர் நாள், வஹாக்கா: அக்டோபர் 31 முதல் நவம்பர் 2 வரை

மெக்சிகோவின் இவ்விழாவுக்கு நாட்டின் எந்த மூலைக்கும் போகலாம். தலைநகரில் நடக்கும் பெரிய ஊர்வலத்தை மட்டும் பழமையானது என்று எண்ணிப் போகக் கூடாது. 2015இன் ஜேம்ஸ் பாண்ட் படத்துக்காகக் கற்பனையாகப் படமாக்கப்பட்ட ஊர்வலத்தைப் பார்த்து 2016இல் தொடங்கியது அது. வஹாக்காவைச் சொல்லக் காரணம், கல்லறைத் தோட்டம், வீட்டுப் படையல், கிராமத்து வேட ஊர்வலம் ஆகிய மூன்றும் அங்கே நடையும் சிறு பயணமுமான தொலைவில் இருப்பதுதான். இறந்துபோன குழந்தைகளுக்கு முதலிலும் பெரியவர்களுக்குப் பின்னரும் என்று நாள்கள் பிரிந்திருக்கும். வீட்டில் படையல் மேடை எழுப்பி, இறந்தவரின் படம், அவருக்குப் பிடித்த உணவு, தண்ணீர், உப்பு, கோப்பால் பிசின் புகை, ‘செம்பசூச்சில்’ பூ ஆகியவற்றை வைப்பார்கள். அந்தப் பூ வேறொன்றுமில்லை, நாம் மாலை கட்டும் செண்டுமல்லி. அதன் பிறப்பிடமே மெக்சிகோதான். அக்டோபர் 31 இரவில் சொசோகோத்லான் கல்லறைத் தோட்டத்தில் குடும்பங்கள் விளக்கேற்றி விடிய விடிய அமர்ந்திருக்கும்.

இங்கேதான் என் முதல் அளவுகோல் கூர்மையாக வெட்டுகிறது. கல்லறைக் கதவு திறந்தே இருக்கிறது. விருந்தினரை வரவேற்கும் பண்பும் அவ்வூருக்கு உண்டு. எனினும் நாம் பார்ப்பது ஒரு குடும்பத்தின் துக்கத்தையும் நினைவையும். ஆண்டுக்காண்டு பெருகும் பயணிகளால் கல்லறை வரிசைகளுக்கிடையே நடக்கவே இடமில்லாமல் போவதாக உள்ளூரார் மனம் கசக்கிறார்கள். பூவோ மெழுகுவத்தியோ வாங்கிக்கொண்டு போவது, படமெடுக்குமுன் கேட்பது, கூட்டமாகப் போகாமல் இருவர் மூவராகப் போவது ஆகியவை இருந்தால் அழைத்து உட்காரவைத்துச் சாக்லேட் பானம் கொடுப்பவர்களும் உண்டு. மற்ற மூன்றில் எதிலும் கிடைக்காத அண்மை இது. அதைக் கெடுப்பதும் பயணியின் கையில்தான் இருக்கிறது.

விசா விஷயத்தில் ஒரு வசதி உண்டு. செல்லுபடியாகும் அமெரிக்க, கனடா, பிரிட்டன், ஜப்பான் அல்லது ஷெங்கன் விசா வைத்திருக்கும் இந்தியருக்கு மெக்சிகோ தனி விசா கேட்பதில்லை. ஆகவே அமெரிக்காவில் வேலை பார்க்கும் தமிழர்களுக்கு இதுவே மிக எளிது. கடவுச்சீட்டில் ஒட்டிய விசா காலாவதியாகாமல் இருக்கிறதா என்று மட்டும் பார்த்துக்கொள்ள வேண்டும். சென்னையிலிருந்து கிளம்புபவருக்கோ பயண நேரமும் செலவும் நான்கில் இதுவே மிகுதி. அதற்கு மேல் மெக்சிகோ நகரிலிருந்து ஒரு மணி நேர உள்நாட்டு விமானம். தீபாவளியும் இதே காலத்தில் வந்து விழும். 2026இல் நவம்பர் 8. உணவில், அவரைப் பருப்பு மசியலிலும் சோளமாவுத் தமாலிலும் பன்றிக்கொழுப்பு சேர்ப்பது வழக்கமாதலால் ‘இறைச்சி இல்லை’ என்று மட்டும் கேட்டால் போதாது, கொழுப்பையும் கேட்க வேண்டும்.

## ஒரு பார்வையில்

| அளவுகோல் | ஃபாயாஸ் | புனித வாரம் | சான் ஃபெர்மின் | இறந்தோர் நாள் |
|---|---|---|---|---|
| வெளியாளின் இடம் | தெரு முழுவதும் | தெரு, பொறுமையோடு | வேலியோரம் அல்லது வாடகை மாடம் | விருந்தினராக, அடக்கத்தோடு |
| தேதி | நிலையானது | ஈஸ்டரோடு நகரும் | நிலையானது | நிலையானது |
| உடல் சிரமம் | ஓசை, புகை | நீண்ட நேரம் நிற்பது | உறக்கமின்மை, குடிக்கூட்டம் | நீண்ட பயணம், இரவு விழிப்பு |
| சைவ உணவு | நடுத்தரம் | எளிது | கடினம் | விசாரித்தால் கிடைக்கும் |
| நின்றுபோகும் வாய்ப்பு | பலத்த காற்றில் வாணவேடிக்கை மட்டும் | மழையில் மிகுதி | மிகக் குறைவு | மிகக் குறைவு |
| மறைவான செலவு | விடுதி | மழைக்காகக் கூடுதல் நாள்கள் | மாடம், காப்பீடு | உள்நாட்டு விமானம், விடுதி |

## யாருக்கு எது

முதன்முறையாகப் போகிறவர், மொழி தெரியாதவர், நண்பர் எவரும் இல்லாதவர் ஆகியோருக்கு ஃபாயாஸ். வளர்ந்த பிள்ளைகள் உள்ள குடும்பத்துக்கும் அதுவே, தமிழ்நாட்டில் மார்ச் மாதம் பொதுத்தேர்வுக் காலம் என்பதால் பள்ளி இறுதியாண்டுப் பிள்ளை வீட்டில் இல்லையென்றால். முதியோரை அழைத்துச் செல்பவரும், ஒரே காட்சியை நெடுநேரம் பார்க்கும் பழக்கமுள்ளவரும் செவியாவைத் தேர்ந்து, பேராலயத்துக்கு அருகில் அறை எடுத்துக்கொண்டு வாரத்தின் முதல் பாதியையும் சேர்த்துத் தங்கலாம். வட அமெரிக்காவில் இருப்பவருக்கும், அண்மையில் ஒருவரை இழந்து அந்த நினைவோடு எங்காவது போய்வர விரும்புபவருக்கும் வஹாக்கா. சான் ஃபெர்மினை ஜூலையில் வேறு வேலையாக வடக்கு ஸ்பெயினில் இருப்பவருக்கு மட்டுமே சொல்வேன், அதுவும் பகலுக்கு.

இரண்டுக்கும் ஆசைப்பட்டு முடிவெடுக்க முடியாமல் இருப்பவர்களுக்கு 2027ஆம் ஆண்டு நாள்காட்டி ஒரு வழி காட்டுகிறது. அவ்வாண்டு ஈஸ்டர் மார்ச் 28இல் வருகிறது. எனவே ஃபாயாஸின் கடைசித் தீ மார்ச் 19 வெள்ளி இரவு, செவியாவின் முதல் சப்பரங்கள் மார்ச் 21 குருத்து ஞாயிறு. இடையிலுள்ள சனிக்கிழமையில் ரயிலேறினால் மாலைக்குள் செவியா. நேரடி ரயில் கிடைக்காவிட்டால் மத்ரித்தில் மாறிக்கொள்ளலாம். ஒரே விசா, ஒரே விமானச் சீட்டு, ஒன்பது நாள்: 17ஆம் தேதி வலென்சியாவில் இறங்கிப் பூச்சமர்ப்பணத்தையும் தீயையும் பார்த்து, செவ்வாய் அல்லது புதன் வரை செவியாவில் இருந்துவிட்டு, வியாழனுக்கு விலை உச்சத்தைத் தொடும் முன் 25ஆம் தேதிக்குள் திரும்பிவிடலாம். மத்ருகா கிடைக்காது, ஆனால் மூன்று நாள் பவனிகள் கிடைக்கும். 2028இல் ஈஸ்டர் ஏப்ரல் 16க்குத் தள்ளிப்போவதால் அப்போது இந்தக் கணக்கு பலிக்காது. செவியா விடுதிகளைப் பல மாதங்கள் முன்னதாகவும், பணம் திரும்பக் கிடைக்கும் நிபந்தனையோடும் பதிவு செய்துகொண்டு, அதன்பிறகு விசாவுக்கு விண்ணப்பிப்பது நல்ல வரிசை.